காலங் கடந்த கருணை

ஊரிலே ஆசிரியனாய் இருப்பவனுக்குப் பள்ளிக்கூட மணியோடு வேலை முடிந்துவிடுவதில்லை. மாலையில் வீட்டுப் படலையைத் திறந்துகொண்டு யாராவது ஒருவர் வருவார். கையிலே மடித்த தாளொன்று இருக்கும். காணி உறுதியிற் பெயர் பிழையாக விழுந்துவிட்டது, மகனுக்கு நற்சான்றுப் பத்திரம் வேண்டும், சங்கக் கடையிற் பங்கீட்டு அட்டை தொலைந்துவிட்டது என்று ஏதாவதொரு காரியம். “மாஸ்டர், ஒரு கடிதம் எழுதித் தரவேணும்” என்பார். முப்பத்தைந்து ஆண்டுகளாக இவ்வாறு நான் எழுதிக் கொடுத்த விண்ணப்பங்களுக்குக் கணக்கில்லை. அவற்றுட் பெரும்பாலானவற்றை மறந்துவிட்டேன். எழுத வேண்டிய காலத்தில் நான் எழுதாமல் விட்ட ஒரு விண்ணப்பத்தை மட்டும் இன்னும் மறக்க முடியவில்லை.

ஒரே முற்றம்

1990ஆம் ஆண்டு ஆனி மாதத்திலே எமது நாட்டின் வடகிழக்கில் யுத்தம் மீண்டும் மூண்டது. அக்காலத்திற் கடல் கடந்து இராமேசுவரம் சேர்ந்த பல்லாயிரம் பேருள் நானும் என் மனைவியும் இருந்தோம். முகாமிலே தங்காது, பொலிசிற் பதிவு செய்துகொண்டு, திருச்சிராப்பள்ளியில் உறையூர்ப் பகுதியிலே ஒரு பழைய வீட்டின் பாதியை வாடகைக்குப் பெற்றோம். மற்றப் பாதியில், அரசாங்க அலுவலகமொன்றிற் கடமையாற்றிய ஒருவர் தம் தாயுடனும் மனைவி மக்களுடனும் வாடகைக்கு இருந்தார். எங்கள் ஊரிலே லிகிதர் என்று சொல்லும் உத்தியோகத்தை அங்கே குமாஸ்தா என்றார்கள். இரு குடும்பங்களுக்கும் முற்றம் ஒன்று, குழாயடியும் ஒன்று. அந்த ஊரில் எங்களை அந்நியராக நினையாத முதற் குடும்பம் அதுதான்.

1992ஆம் ஆண்டு ஐப்பசி மழைக்காலத்தில் ஒருநாள் அவர் அலுவலகத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். வைத்தியசாலைக்குக் கொண்டு போகுமுன் உயிர் பிரிந்துவிட்டது. வயது நாற்பத்தொன்று. மனைவிக்கு முப்பத்துமூன்று, மகனுக்குப் பன்னிரண்டு, மகளுக்கு எட்டு.

கிரியைகள் முடிந்த சில நாட்களில் அவருடன் வேலை செய்தவர்கள் இருவர் வந்தனர். கொஞ்சம் பணமும் சேர்த்துக்கொண்டு வந்திருந்தார்கள். விடைபெறும்போது, “வாரிசு வேலை உண்டு, தாமதிக்காமல் மனுப் போடுங்கள்” என்று சொல்லிப் போனார்கள். அச்சொல்லை அன்றுதான் நான் முதன்முதலாகக் கேட்டேன். பணியிலிருக்கும்போது அரசு ஊழியர் ஒருவர் இறந்து, குடும்பம் வறுமையில் விழுந்தால், அக்குடும்பத்தில் ஒருவருக்குப் போட்டிப் பரீட்சையின்றி ஓர் உத்தியோகம் கொடுப்பது அந்நாட்டு வழக்கம். அரசாங்கத் தாள்களில் அதற்குக் கருணை அடிப்படையிலான நியமனம் என்று பெயர். ஊர் வழக்கிலே அது வாரிசு வேலை.

அன்று மாலை அந்த அம்மையார் முற்றத்திலே நின்று என்னிடம் கேட்டார்: “சார், மனுவை யார் பேருல போடுறது?”

அவர் எஸ். எஸ். எல். சி. சித்தியடைந்தவர், இளநிலை உதவியாளர் பதவிக்கு அக்கல்வியே போதும். இதை நான் அறிந்திருந்தேன். அறிந்திருந்தும், “தங்கச்சி, மகன் வளரட்டும். ஆறு வருஷந்தானே. இந்த உத்தியோகம் அவனுக்கென்று இருக்கட்டும். நீங்கள் கந்தோருக்குப் போனால் பிள்ளைகளை யார் பார்ப்பது?” என்றேன். உள்ளே படுத்திருந்த மாமியாரும் அதுதான் சரியென்றார். அவர் ஒன்றும் பேசவில்லை. குடத்தைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனார்.

பின்னர் வந்த ஆறு ஆண்டுகளையும் சுவருக்கு இப்பாலிருந்து நான் கேட்டேன். கணவருக்குரிய பணத்தில் ஒரு பகுதியைக் கொண்டு அவர் ஒரு கிரைண்டர் வாங்கினார். இட்லி மாவு அரைத்து அக்கம்பக்கத்து வீடுகளுக்கு விற்றார். குடும்ப ஓய்வூதியம் வாடகைக்கும் அரிசிக்கும் சரியாகப் போயிற்று. பள்ளிக்கூடச் செலவுக்கு மாவு. விடியற்காலை நான்கு மணிக்குக் கல் சுற்றும் ஓசை தொடங்கும். அதைக் கேட்டுக்கொண்டேதான் என் மாணவர்களுக்கான பாடக் குறிப்புகளை எழுதுவேன். அந்த ஓசைக்கும் நான் கொடுத்த புத்திமதிக்கும் தொடர்பு உண்டென்று அப்போது எனக்குத் தோன்றவில்லை.

1998இல் மகனுக்குப் பதினெட்டு வயது நிரம்பியது. இரண்டரைப் பக்கத்தில் நானே விண்ணப்பம் எழுதினேன். அவ்வளவு உருக்கமாக அதற்கு முன்னோ பின்னோ நான் எழுதியதில்லை. ஏழு மாதங்கழித்து நான்கு வரியில் மறுமொழி வந்தது. தந்தை இறந்த நாளிலிருந்து மூன்றாண்டுகளுக்குள் விண்ணப்பம் செய்யப்படவில்லை, ஆதலால் ஏற்பதற்கில்லை.

சட்டம் சொல்வது

எனக்கு முதலில் வந்தது கோபம். கல் மனம் படைத்த அதிகாரிகள் என்று வைதேன். பல ஆண்டுகள் கழித்தே இவ்விடயத்தை ஆறுதலாகப் படித்துப் பார்த்தேன். படித்தபோது கோபம் மெல்ல மெல்ல என் பக்கமே திரும்பிற்று.

இந்திய மத்திய அரசில் இத்திட்டம் 1958ஆம் ஆண்டளவிலே உருப்பெற்றது. அக்காலத்தில் ஊழியன் இறந்தால் அவன் குடும்பத்துக்குக் கிடைக்கக்கூடிய ஆதாரங்கள் மிகக் குறைவு. மத்திய அரசின் குடும்ப ஓய்வூதியத் திட்டம் 1964இலேதான் வந்தது. எனவே சம்பளம் நின்ற வீட்டுக்கு மீண்டும் ஒரு சம்பளத்தைக் கொடுப்பதே கைக்கெட்டிய உதவியாயிருந்தது. மாநிலங்கள் தத்தம் விதிகளை வகுத்துக்கொண்டன. தமிழ்நாட்டில் 1972 முதல் இவ்வழக்கம் உண்டு. உத்தரப் பிரதேசத்தில் 1974ஆம் ஆண்டு விதிகள் உண்டு.

ஆயினும் இவ்வழக்கம் அந்நாட்டு அரசியலமைப்போடு எளிதிற் பொருந்துவதன்று. அரசாங்க உத்தியோகத்தில் எல்லாக் குடிமக்களுக்கும் சமவாய்ப்பு உண்டென்று அதன் 16ஆம் உறுப்புரை கூறுகிறது. சமயம், சாதி, பால் என்பவற்றோடு வமிசத்தையும் காரணங்காட்டி வேற்றுமை செய்யலாகாது என்றும் அவ்வுறுப்புரை விலக்குகிறது. தந்தையின் நாற்காலி மகனுக்கு என்பது மன்னராட்சிக்குரிய முறை, குடியாட்சிக்குரியதன்று. அப்படியானால் கருணை நியமனம் எவ்வாறு நிலைக்கிறது?

1994இல் இந்திய உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பொன்று இதற்கு விடை சொல்கிறது. அந்த மாநிலத்தின் பெயர் அரியானா. வழக்கு, பின்னர் வந்த அத்தனை வழக்குகளுக்கும் அளவுகோலாய் அமைந்தது. இறந்தவரின் பதவியைக் குடும்பத்துக்கு வழங்குவது இந்நியமனத்தின் நோக்கமன்று என்றது நீதிமன்றம். உழைத்தவர் திடீரென மறைந்ததால் வந்த நெருக்கடியை அக்குடும்பம் தாண்டிச் செல்ல உதவுவதே நோக்கம். ஆகையால் கீழ்நிலைப் பதவிகளுக்கு அப்பால் அதைக் கேட்க முடியாது. எவ்வளவு காலமும் வைத்திருந்து பின்னர் எடுத்துக்கொள்ளும் உரிமையும் அதற்கில்லை. நெருக்கடி நீங்கிய பின் அதைக் கேட்பதற்கு நியாயமில்லை.

வாரிசு என்ற சொல்லிலேயே பிழை இருந்ததை அப்போது உணர்ந்தேன். வாரிசுச் சொத்தைப் பெட்டியிற் பூட்டி வைக்கலாம். மகன் வளர்ந்த பின் திறந்து கொடுக்கலாம். இதுவோ பசித்தவனுக்கு இட்ட சோறு போன்றது. அன்றைக்கே உண்ண வேண்டும். நான் அதைப் பூட்டி வைக்கச் சொன்னேன்.

இப்பிழையைச் செய்தவன் நான் மட்டுமல்லன். அதே அரியானாவிலே 1997இல் பொலிஸ்காரர் ஒருவர் கடமையில் இறந்தார். அவருடைய மகனுக்கு அப்போது ஏழு வயது. தாய் எழுத்தறியாதவர், தமக்கென்று வேலை கேளாமல் மகனுடைய பெயரைப் பதியச் செய்தார். 2008இல் மகனுக்கு உரிய வயது வந்தது. காலம் கடந்துவிட்டதென்று விண்ணப்பம் மறுக்கப்பட்டது. வழக்கு மேலேறி 2024இல் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அங்கும் வேலை கிடைக்கவில்லை. கருணைத் தொகையொன்றைக் கேட்டு விண்ணப்பிக்கத் தாய்க்கு வழி விடப்பட்டது. தந்தை இறந்து அப்போது இருபத்தேழு ஆண்டுகள் ஆகியிருந்தன.

துயரத்துக்குப் புள்ளி

காலத்தைப் போக்குவது குடும்பங்கள் மட்டுமென்று நினைத்துவிடலாகாது. அலுவலகங்களும் போக்குகின்றன. கணவனை 1982இல் இழந்த ஒரு பெண் அடுத்த மாதமே விண்ணப்பித்தார். எழுத்துப் பரீட்சைக்கும் நேர்முகத்துக்கும் சென்று தேறினார். நியமனம் மட்டும் வரவில்லை. 1985இல், அந்நிறுவனத்திற் பெண்களைச் சேர்ப்பதில்லை என்ற கட்டளை பிறந்துவிட்டது என்று மறுமொழி வந்தது. 1989இலே உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. இத்தகைய நியமனத்திலே தாமதம் கூடாது. இடம் இல்லையென்றால் மேலதிக இடமொன்றை உண்டாக்கியாவது கொடுக்க வேண்டும் என்றது. 2022இல் ஒடிசாவிலிருந்து வந்த வழக்கொன்றிலே, இவ்விண்ணப்பங்களை ஆறு மாதத்துக்கு மேற் கிடப்பில் வைத்திருக்கலாகாது என்று அந்நீதிமன்றமே கூற நேர்ந்தது. முப்பத்துமூன்று ஆண்டுகளுக்குப் பின்னும் அதே அறிவுரை வேண்டியிருந்தது.

தாமதத்துக்கு ஒரு காரணம் இடங்களின் அருமை. மத்திய அரசிலே கீழ்நிலைப் பதவிகளுக்கு நேரடியாக ஆளெடுக்கும் வெற்றிடங்களில் நூற்றுக்கு 5 மட்டுமே கருணை நியமனத்துக்குரியவை. கேட்போர் பலர், இடங்கள் சில. யாருக்குக் கொடுப்பது? இதற்கு விடையாகப் பாதுகாப்பு அமைச்சு முதலிய பகுதிகளில் நூறு புள்ளி கொண்ட ஒரு முறையை வகுத்தார்கள். குடும்ப ஓய்வூதியம் குறைவாயின் இத்தனை புள்ளி, சொத்து இல்லையாயின் இத்தனை புள்ளி, மணமாகாத பெண்கள் எத்தனை பேர், வயது வராத பிள்ளைகள் எத்தனை பேர், இறந்தவருக்கு இன்னும் எத்தனை ஆண்டு சேவை எஞ்சியிருந்தது என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனிப் புள்ளிகள்.

வாழ்நாளெல்லாம் விடைத்தாள் திருத்தியவன் நான். புள்ளியிடுவதிலுள்ள நேர்மையையும் அறிவேன். அதிலுள்ள கொடுமையையும் அறிவேன். புள்ளி இல்லாவிடின் செல்வாக்கே தீர்மானிக்கும். ஆகவே புள்ளி வேண்டும். ஆனால் இப்பரீட்சையில் அதிகப் புள்ளி பெறுவதற்கு வீடு அதிகம் சிதைந்திருக்க வேண்டும். மாவரைத்து நாலு காசு தேடியவள் அந்தக் காசினாலேயே புள்ளி இழக்கிறாள். அதுமட்டுமன்று. வருடங்கள் போகப் போக, இத்தனை காலம் பிழைத்துவிட்டீர்களே, இனி ஏன் உதவி என்ற கேள்வியும் எழுகிறது. பிழைத்ததே குற்றமாய் முடிகிறது. 1994ஆம் ஆண்டுத் தீர்ப்பின் நியாயத்தை நான் ஒப்புக்கொள்கிறேன். ஆயின் தாமதம் அலுவலகத்தினுடையதாகும்போது அந்த நியாயத்தை அலுவலகமே தனக்குத் துணையாக எடுத்துக்கொள்வதை ஒப்புக்கொள்ள என்னால் முடியவில்லை. மத்திய அரசு 2003இல் ஒரு விண்ணப்பத்தை மூன்றாண்டுக்கு மேற் பரிசீலிப்பதில்லையென்று வரம்பிட்டது. 2012இல் அவ்வரம்பை நீக்கிற்று. தமிழ்நாட்டின் 2023ஆம் ஆண்டு விதிகளோ, இறந்த நாளிலிருந்து மூன்றாண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்கின்றன.

வரிசையில் நிற்கும் மற்றவர்கள்

நிற்க. இங்கே மறுபக்கத்தையும் சொல்லாவிடின் நான் ஆசிரியனல்லேன். திருச்சியில் என்னிடம் படித்த பையன்கள் பலர் வேலைவாய்ப்பு அலுவலகத்திற் பெயர் பதிந்துவிட்டு வருடக்கணக்காகக் காத்திருந்தார்கள். அவர்களுள் ஒருவன் கூலி வேலை செய்பவரின் மகன். அவன் தந்தையும் இறந்தார். அவருக்கு அலுவலகம் இல்லை, சங்கமும் இல்லை, வாரிசு வேலையும் இல்லை. “சார், எங்கப்பா செத்தா மட்டும் அது நெருக்கடி இல்லையா?” என்று அவன் என்னைக் கேட்டான். இன்றுவரை அவனுக்குத் தகுந்த விடை என்னிடமில்லை. கருணை நியமனம் ஒன்று கொடுக்கப்படும்போது, வரிசையில் நிற்கும் முகந்தெரியாத ஒருவனுடைய இடம் எடுக்கப்படுகிறது. இதனாலேயே நீதிமன்றங்கள் இவ்வாயிலை ஒடுக்கமாக வைத்திருக்கின்றன.

எமது நாட்டிலே வேறொரு வழியைக் கைக்கொண்டார்கள். 1898ஆம் ஆண்டிலேயே விதவைகள் அநாதைகள் ஓய்வூதிய நிதிக்கான கட்டளைச் சட்டம் இலங்கையில் வந்துவிட்டது. உத்தியோகத்தரின் மாதச் சம்பளத்தில் ஒரு சிறு தொகை கழிக்கப்படும். அவர் இறந்தால் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் மாதந்தோறும் பணம் வரும். பெண் உத்தியோகத்தரின் குடும்பத்துக்கு அவ்வசதி 1983ஆம் ஆண்டுச் சட்டத்தோடுதான் வந்தது. என் தந்தையார் கச்சேரியில் லிகிதராயிருந்து 1969இல், எனக்குப் பதினான்கு வயதில், காலமானார். அந்தப் பணத்தில் எங்கள் வீட்டு உலை கொதித்தது. தாராளமாகக் கொதித்தது என்று சொல்லமாட்டேன். ஆயினும் அது யாருடைய கருணையுமன்று. தந்தையார் உழைப்பிற் கழித்து வைத்த பணம். அம்மா அதை வாங்கக் கையெழுத்திடும்போது தலை குனிந்ததில்லை. யார் பெயரில் என்ற கேள்வியும் எழவில்லை. விதவையின் பெயரிலேயே அது வந்தது.

அந்தக் கேள்வியைத்தான் திருச்சி முற்றத்திலே நான் பிழையாக விடுத்தேன். இந்திய மத்திய அரசின் 1998ஆம் ஆண்டு விதிகளைப் படித்தபோது எனக்கு வெட்கமாயிருந்தது. விதிகள் என்னைவிட விரிந்த மனம் உடையனவாயிருந்தன. கடைநிலைப் பதவிக்கு விதவையை நியமிக்கும்போது கல்வித் தகைமையையும் அவை பார்ப்பதில்லை. அவ்வாறு வேலை பெற்ற பெண் மறுமணம் செய்தாலும் வேலையில் தொடரலாம். வேலை பெறுபவர் குடும்பத்தின் ஏனையோரைக் காப்பேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். கைவிட்டால் வேலை போகும். யார் நாற்காலியில் அமர்கிறார் என்பதை விட யார் வீட்டைத் தாங்குகிறார் என்பதே அவ்விதியின் அக்கறை.

எனினும் விதி செய்தோருக்கும் பழைய நினைவு எளிதில் அகலவில்லை. பல மாநிலங்களிலே மணமான மகன் குடும்பத்துக்குரியவன். மணமான மகள் உரியவளல்லள் என்று நெடுங்காலம் இருந்தது. உத்தரப் பிரதேச விதியிலிருந்த அவ்வேற்றுமை செல்லாதென்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2015இல் தீர்த்தது. கர்நாடக உயர் நீதிமன்றமும் 2020இல் அவ்வாறே தீர்த்தது. தாலி கட்டியதும் மகள் பெற்ற தாயின் பசியை மறந்துவிடுவாள் என்று எண்ணியவர்கள் எந்த ஊரில் வாழ்ந்தார்களோ!

மகன் வளரும்வரை காத்திருக்கவே முடியாதா? முடியும், ஆனால் காத்திருக்கும் காலத்துக்கும் சோறு வேண்டும். இந்திய நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் கூலி உடன்படிக்கைகளில் இதற்கு ஓர் ஏற்பாடு வந்தது. இறந்த தொழிலாளியின் மகனுக்குப் பன்னிரண்டு வயது கடந்திருப்பின் அவன் பெயரைப் பதிவேட்டில் வைத்து, பதினெட்டில் வேலை தருவார்கள். அதுவரை தாய்க்கு மாதந்தோறும் பணம் கொடுப்பார்கள். சங்கம் பேசிப் பெற்ற ஏற்பாடு அது. எங்கள் முற்றத்துப் பையனுக்கும் அன்று வயது பன்னிரண்டுதான்.

மீண்டும் அந்த முற்றம்

2003இல் நாங்கள் யாழ்ப்பாணம் திரும்பினோம். சென்ற ஆண்டு ஓர் உறவினர் வீட்டுத் திருமணத்துக்காகத் திருச்சி சென்றபோது அவர்களைத் தேடிப் போனேன். பழைய வீட்டை இடித்துவிட்டார்கள். இரண்டு தெரு தள்ளி இருந்தார்கள். மகன் இரும்புப் பட்டறையொன்றில் மேற்பார்வையாளன். மகள் தாதியாக வேலை செய்கிறாள். அந்த அம்மையாருக்கு அறுபத்தைந்து கடந்துவிட்டது. முழங்கால் நோவினால் மாவு வியாபாரத்தை நிறுத்தியிருந்தார். கிரைண்டர் மட்டும் ஒரு மூலையிலே துணி போர்த்தி வைக்கப்பட்டிருந்தது.

காப்பி குடித்த பின் நெடுநாளாக மனத்தில் வைத்திருந்ததைச் சொன்னேன்: “தங்கச்சி, அன்றைக்கு நான் சொன்ன புத்தி பிழை. உங்கள் பெயரிலேயே எழுதியிருக்க வேணும்.”

அவர் சிரித்தார். “நீங்க மட்டுமா சொன்னீங்க சார்? எல்லாருந்தான் சொன்னாங்க. எனக்கு அந்த ஆபீசுக்குப் போகணும்னு ஆசை இருந்துச்சு. அவங்க உக்காந்த எடம், போய் உக்காந்து வேலை பாக்கணும்னு இருந்துச்சு. நான் கேட்டது யார் பேருல போடுறதுன்னு. உனக்குப் போக விருப்பமான்னு யாரும் கேக்கல. எனக்கும் வாய் விட்டுச் சொல்லத் தெரியல.”

நான் மறுமொழி சொல்லவில்லை. சொல்ல ஒன்றுமில்லை.

ஆசிரியர்களும் படித்த இளைஞர்களுமாகிய உங்களிடம் நாளைக்கு யாராவது மடித்த தாளோடு வருவார்கள். நாடு வேறாகலாம், விதி வேறாகலாம், உதவியின் பெயரும் வேறாகலாம். பேனாவைத் திறக்குமுன் மூன்று காரியங்களைக் கேளுங்கள். எந்தத் திகதிக்குள் விண்ணப்பம் போய்ச்சேர வேண்டும்? இன்றைக்கு அந்த வீட்டில் உலை வைப்பவர் யார்? அவருடைய விருப்பம் என்ன? மூன்றாவதை அவரிடமே கேளுங்கள்; மாமியாரிடமோ அயலாரிடமோ கேட்க வேண்டாம். அவர் உடனே பதில் சொல்லாவிட்டால், குடத்தை இறக்கி வைக்கும்வரை காத்திருந்து, இன்னொரு முறை கேளுங்கள்.